தொப்பி இல்லாத சல்யூட்

ராணுவத்தைப் பற்றி நமது எழுத்தாளர்களுக்கு இருக்கும் அறிவு பெரும்பாலும் சினிமாவிலிருந்து வந்தது. அதனால்தான் 'சியாச்சின் பனியில் ஒருவன் நிற்கிறான், உனக்கு 52 விநாடி நிற்க வலிக்கிறதா' என்ற வாக்கியம் தமிழில் ஒரு வாதம் என்று செலாவணியாகிறது. தியேட்டர்களில் பிறந்த இந்த வாக்கியம் இப்போது நமது கூட்டங்களுக்கும் வந்து சேர்ந்திருக்கிறது. செங்கல்பட்டில் சமீபத்தில் நடந்த ஒரு கவிதை வாசிப்பில், தமிழ்த்தாய் வாழ்த்துக்கு எழுந்திருக்காத ஓர் இளைஞரை வாசிக்க விடவில்லை என்று அங்கே இருந்தவர்கள் சொன்னார்கள். தடுத்தவர் போலீஸ்காரர் இல்லை. யாப்பை விலங்கு என்று கூறி முப்பது வருஷமாகப் புதுக்கவிதைக்கு வழக்காடி வரும் ஒரு கவிஞர். 'ராணுவத்தில் இப்படி உட்கார்ந்திருக்க முடியுமா?' என்று கேட்டாராம். கூடியிருந்த இருபது பேரில் ஒருவரும் இதற்குப் பதில் சொல்லவில்லை. பதில் தேவைப்படாத கேள்வி என்று நினைத்திருப்பார்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை.

ராணுவத்தில் என்ன நடக்கிறது என்று பார்ப்போம்.

சீருடையில் இருப்பவன், தலையில் தொப்பியோ தலைப்பாகையோ இருந்தால், கீதம் ஒலிக்கும்போது சல்யூட் அடிக்கிறான். தலை வெறுமையாக இருந்தால் கையைத் தூக்க மாட்டான். விறைப்பாக நிற்பதோடு சரி. அணிவகுப்பில் துப்பாக்கியோடு நிற்கும் சிப்பாய்க்கு அதுவும் கிடையாது. அவன் துப்பாக்கியை உடம்புக்கு முன்னால் நிமிர்த்திப் பிடிக்கிறான். கையின் அமைப்பிலும் ஒழுங்கு இருக்கிறது. தரைப்படையில் உள்ளங்கை எதிரில் நிற்பவருக்குத் தெரிய வேண்டும். கடற்படையில் உள்ளங்கை தரையைப் பார்க்க வேண்டும். விமானப்படைக்காரர்கள் 2006-லிருந்து இரண்டுக்கும் நடுவில் 45 பாகைச் சாய்வில் வைக்கிறார்கள். மெஸ்ஸில் கோப்பையை உயர்த்தும் நேரத்தில் கீதம் முழுவதும் கிடையாது. முதல் அடியும் கடைசி அடியும் மட்டும், 20 விநாடி.

உள்துறை அமைச்சகத்தின் உத்தரவில் என்னை மிகவும் கவர்ந்த இடம் முரசு. வாத்தியக் குழு கீதத்தைத் தொடங்கும் முன் முரசு உருட்ட வேண்டும். அளவு, மெதுநடையில் 7 அடி. மெல்லத் தொடங்கி, முடிந்த மட்டும் உரக்க ஏறி, பழைய மென்மைக்கே இறங்கி, ஆனால் ஏழாவது அடி வரை காதில் விழுந்துகொண்டிருக்க வேண்டும். அதன்பின் ஒரு அடி மௌனம். அப்புறம்தான் கீதம். கூடியிருப்பவர்களைத் தயார்ப்படுத்துவதற்காக இது. யாரோ ஒரு குமாஸ்தா எழுதியதாகத்தான் இருக்கும். ஆனால் அந்த ஒரு அடி மௌனத்தை யோசித்தவனுக்கு லயம் தெரிந்திருக்கிறது. நமது கவிஞர்களில் பலருக்கு அது தெரியாது.

நான் இந்த விதிகளைக் கேலி செய்யவில்லை. ஓர் உருவம் எப்படி இருக்க வேண்டுமோ அப்படி இருக்கின்றன. யார், எப்போது, என்ன அணிந்திருக்கையில், எவ்வளவு நேரம் என்று எல்லை கட்டியிருக்கின்றன. செங்கல்பட்டிலிருந்து மின்சார ரயிலில் பட்டணம் போகிறவர்கள் வழியில் தாம்பரம் விமானப்படைத் தளத்தையும், 1963-லிருந்து அதிகாரிகளைத் தயாரிக்கும் பரங்கிமலைப் பயிற்சிக் கழகத்தையும் தாண்டித்தான் போகிறோம். அந்த மதில்களுக்குள் நிற்பவன் நிற்பதற்குக் கையெழுத்துப் போட்டவன். சம்பளம், பயிற்சி, மேலதிகாரி, எழுதப்பட்ட தண்டனை, அதற்கு மேல் அப்பீல், எல்லாம் அவனுக்கு உண்டு. 'சாவ்தான்' என்று சொன்ன அதே குரல் சற்று நேரத்தில் 'விஷ்ராம்' என்றும் சொல்லும். மதிலுக்கு வெளியே, டிக்கெட் வாங்கிக்கொண்டு படம் பார்க்க வந்தவனுக்கு 'விஷ்ராம்' சொல்ல யார் இருக்கிறார்கள்?

வெளியே இருப்பவர்களுக்கான விதியோ மிகவும் குறைவானது. எழுந்து நேராக நிற்க வேண்டும். அவ்வளவுதான். சல்யூட் கிடையாது. செய்திப் படத்திலோ ஆவணப் படத்திலோ கீதம் ஒரு பகுதியாக வந்தால் நிற்கவும் வேண்டாம், நின்றால் கண்காட்சிக்கு இடைஞ்சலும் குழப்பமும்தான் வரும் என்று அதே உத்தரவு சொல்கிறது. 1971-ஆம் வருஷத்துச் சட்டம், கீதம் பாடுவதை வேண்டுமென்றே தடுப்பவனுக்கும் பாடும் கூட்டத்தைக் குலைப்பவனுக்கும் மூன்று வருஷம் வரை சிறை என்கிறது. உட்கார்ந்திருப்பவனைப் பற்றி அதில் ஒரு வார்த்தையும் இல்லை. கொடிச் சட்டம், 2002, முக்கியப் பிரமுகருக்கு மட்டும் தொப்பியில்லாமல் அணிவகுப்பு மரியாதையை ஏற்றுக்கொள்ள இடம் கொடுக்கிறது. ஏற்றுக்கொள்வதற்குத்தான் அந்த இடம். ஆனால் சுதந்திர தினத்தன்று எந்த ஊர் மைதானத்துக்காவது போய்ப் பாருங்கள். கொடிக்கம்பத்தைச் சுற்றி வட்டச் செயலாளர், ரியல் எஸ்டேட்காரர், பள்ளித் தாளாளர் என்று வரிசையாக வெறுந்தலையில் கையை வைத்துக்கொண்டு நிற்கிறார்கள். இன்னும் சிலர் நெஞ்சில் கை வைக்கிறார்கள். அது அமெரிக்கச் சரக்கு. அங்கேயும் பழையது இல்லை. கொடிக்கு முன்னால் கையை நேராக நீட்டி உறுதிமொழி சொல்லும் வழக்கம் அங்கு இருந்தது. ஹிட்லரின் ஆட்களும் கையை நீட்ட ஆரம்பித்ததும் சங்கடமாகி, 1942 டிசம்பரில் அதை நெஞ்சுக்கு இறக்கிக்கொண்டார்கள். அங்கே சங்கடத்தில் பிறந்த சைகை இங்கே டெலிவிஷன் வழியாக பக்தியாக வந்திறங்கியது.

இந்தப் பாவனை எவ்வளவு தூரம் போகும் என்பதற்கு 2015 ஜனவரி 26 ஒரு உதாரணம். டெல்லி அணிவகுப்பில் பிரதமரும் பாதுகாப்பு அமைச்சரும் கையைத் தூக்கி நிற்க, குடியரசுத் துணைத் தலைவர் ஹமீத் அன்ஸாரி கையைத் தொங்கவிட்டு நேராக நின்றார். அந்தப் புகைப்படத்தை வைத்துக்கொண்டு தேசமே அவருடைய தேசபக்தியை விசாரித்தது. முப்படைத் தலைவர் என்ற முறையில் மரியாதையை ஏற்பவர் குடியரசுத் தலைவர். சீருடைக்காரர்கள் சல்யூட் அடிப்பார்கள். மற்றவர்கள் நேராக நிற்க வேண்டும், இதுதான் முறை என்று அவருடைய அலுவலகம் விளக்கம் சொல்ல வேண்டி வந்தது. அந்தப் படத்தில் ராணுவ மரியாதை தெரிந்து நின்றவர் அவர். குற்றவாளியும் அவர். அவர் பெயர் வேறாக இருந்திருந்தால் இந்த விசாரணை நடந்திருக்குமா என்று நான் கேட்கப் போவதில்லை. எல்லோருக்கும் பதில் தெரியும்.

சினிமாக் கொட்டகைக் கதையை வேகமாகச் சொல்லிவிடலாம். 1962 சீனப் போருக்குப் பின் படம் முடிந்ததும் கீதத்தைத் திரையிட்டார்கள். ஜனங்கள் கடைசி பஸ்ஸைப் பிடிக்க எழுந்து போய்க்கொண்டே இருந்தார்கள். எழுபதுகளில் அந்த வழக்கம் தானாகத் தேய்ந்து போயிற்று. யாரும் யாரையும் அடித்ததில்லை. 2016 நவம்பர் 30-ந் தேதி உச்ச நீதிமன்றம் எல்லா தியேட்டர்களிலும் படத்துக்கு முன் கீதம், எல்லோரும் நிற்க வேண்டும் என்றது. பத்து நாட்களுக்குள் மாற்றுத்திறனாளிகளுக்கு விலக்கு என்று திருத்த வேண்டியிருந்தது. அதே டிசம்பரில் சென்னை அசோக் நகரில் ஒரு தியேட்டரில் எழுந்திருக்காத சிலர் அடிபட்டார்கள். வழக்கும் அடிபட்டவர்கள் மீதே பதிவாயிற்று. அந்த உத்தரவு வருவதற்கு முன்பே, அக்டோபரில், கோவாவில் ஒரு எழுத்தாளரைப் பின் வரிசைக்காரர்கள் தாக்கினார்கள். முதுகுத்தண்டு சேதத்தால் சக்கர நாற்காலியில் இயங்குபவர் அவர். 2018 ஜனவரி 9-ந் தேதி நீதிமன்றம் கட்டாயத்தை விலக்கிக்கொண்டது.

இதில் ராணுவம் எங்கே இருக்கிறது? அடித்தவர்கள் எவரும் சிப்பாயின் ஒழுக்கத்தைக் கடைப்பிடிக்கவில்லை. கீதம் ஒலிக்கும்போது பக்கத்து ஆள் எப்படி நிற்கிறான் என்று தலையைத் திருப்பிப் பார்ப்பவன் விறைப்பாக நிற்கவில்லை என்றுதான் பொருள். பரங்கிமலை மைதானத்தில் ஒரு பயிற்சியாளன் அப்படித் திரும்பினால் முதலில் மாட்டிக்கொள்பவன் அவன்தான்.

விறைப்பு நமது பிரதேசத்துக்கு எப்படி வந்தது என்பதும் சுவாரஸ்யமான சமாச்சாரம். 1752-ல் கிளைவ் கோவளம் கோட்டையையும் செங்கல்பட்டுக் கோட்டையையும் பிரெஞ்சுக்காரர்களிடமிருந்து பிடிக்கக் கிளம்பியபோது அவனிடம் இருந்தவர்கள் புதிதாகச் சேர்த்த 500 சிப்பாய்கள், லண்டன் தெருக்களிலிருந்து பொறுக்கி எடுத்துக் கப்பலேற்றிய 200 பேர். கோவளத்தில் கோட்டையிலிருந்து வந்த குண்டில் ஒருவன் விழுந்ததும் மற்றவர்கள் திரும்பி ஓடினார்கள். பீரங்கிச் சத்தத்துக்குப் பயந்த காவல்காரர்களில் ஒருவன் பல மணி நேரம் கழித்து ஒரு கிணற்றின் அடியில் கண்டெடுக்கப்பட்டானாம். மெக்காலே இதை ரசித்து எழுதியிருக்கிறார். இப்படிப்பட்டவர்களைத் தோளோடு தோள் நிறுத்தி, ஒரே வேளையில் மருந்து நிரப்பி, ஒரே வேளையில் சுட வைப்பதற்குத்தான் டிரில். அன்றைய மஸ்கட் துப்பாக்கிக்கு அந்த விறைப்பு தேவையாக இருந்தது. அதைப் புனிதம் என்று கிளைவும் நினைத்திருக்க மாட்டான். கிணற்றுக்குள் குதித்த அந்த மனிதன் மீது எனக்குப் பிரியம் உண்டு என்பதை இந்த இடத்தில் பதிவு செய்துவிடுகிறேன்.

அதற்கு முன்னால் இந்தக் கடற்கரையில் காவலன் எப்படி நின்றான் என்பதைப் பார்க்க, கோவளத்திலிருந்து தெற்கே மாமல்லபுரம் போனால் போதும். பல்லவ மண்டபங்களின் வாயிற்காவலர்கள் பெரும்பாலும் கதையின் மீது உடம்பைச் சாய்த்து, ஒரு காலைத் தளர்த்தி நிற்கிறார்கள். திரௌபதி ரதத்தின் வாயிலில் நிற்கும் பெண்காவலர்களும் இடுப்பை ஒடித்துத்தான் நிற்கிறார்கள். தளர்வாக நிற்பதனால் அவர்களுடைய பலம் குறைந்ததாக ஏழாம் நூற்றாண்டுச் சிற்பிக்குத் தோன்றவில்லை. நேராக நிற்கும் சமபங்கத்தை அவன் தெய்வங்களுக்கு வைத்துக்கொண்டான்.

அதே ஊரில், அர்ச்சுனன் தபசு என்று வழங்கும் பாறையில், இடது புறம் மேலே ஒரு தபஸ்வி ஒற்றைக்காலில் கைகளை உயர்த்தி நிற்கிறான். விலா எலும்பு தெரிகிறது. வலது புறம் கீழே, யானைகளின் காலடியில், ஒரு பூனை அதே மாதிரி பின்னங்காலில் எழுந்து முன்னங்கால்களைத் தலைக்கு மேல் தூக்கி நிற்கிறது. அதைச் சுற்றி எலிகள். 2019 அக்டோபரில் இந்தியப் பிரதமரும் சீன அதிபரும் இந்தப் பாறையின் முன்னால் நின்று படம் எடுத்துக்கொண்டார்கள். யாராவது அவர்களுக்கு அந்தப் பூனையைச் சுட்டிக்காட்டியிருந்தால் நன்றாயிருந்திருக்கும். நிலையில் குறை சொல்ல முடியாது, பூனை சரியாகத்தான் நிற்கிறது. எலிகளைச் செதுக்காமல் விட்டிருந்தால் நமக்கு வித்தியாசமே தெரிந்திருக்காது.

என் சந்தேகம் இதுதான். தியேட்டரிலும் கூட்டத்திலும் 'எழுந்திரு' என்று அதட்டும் குரல் ராணுவத்திலிருந்து வருவதாக நாம் நினைத்துக்கொண்டிருக்கிறோம். ஆனால் அது நமக்கு இன்னும் பழக்கமான இடத்திலிருந்து வருகிறது. நமது ஊர்களில் எழுந்து நிற்பது என்பதற்கு ஒரு சரித்திரம் உண்டு. மிராசுதார் வந்தால் எழுந்திருக்க வேண்டும், தோள் துண்டு இடுப்புக்கு இறங்க வேண்டும், செருப்பு கைக்கு வர வேண்டும். எழுந்திருக்காதவனை அடிக்க உத்தரவு யாரும் போட வேண்டாம், ஊரே பார்த்துக்கொள்ளும். செங்கல்பட்டு ஜில்லாவின் பறையர்கள் எந்த நிலையில் வைக்கப்பட்டிருந்தார்கள் என்பதை 1891-ல் கலெக்டர் டிரமென்ஹீர் அறிக்கையாகவே எழுதினார். இதே செங்கல்பட்டில்தான் 1929 பிப்ரவரியில் டபிள்யூ.பி.ஏ. சௌந்தரபாண்டியன் தலைமையில் முதல் சுயமரியாதை மாகாண மாநாடு கூடி, பெயருக்குப் பின்னால் ஜாதிப் பட்டத்தை ஒட்டிக்கொள்வதை விடத் தீர்மானித்தது. யாருக்காகவும் தன் இஷ்டமில்லாமல் எழுந்திருக்க வேண்டியதில்லை என்ற நிலைக்கு ஒரு தமிழ் உடம்பு வருவதற்கு அத்தனை காலமும் அத்தனை சண்டையும் ஆகியிருக்கிறது. அந்த உடம்பைப் பார்த்து ஒரு கவிஞர், அதே ஊரில், 'எழு' என்கிறார். சியாச்சின் சிப்பாயைத் துணைக்கு வைத்துக்கொள்கிறார். பின்னால் நிற்பது மிராசுதார்.

நான் தேசிய கீதத்துக்கு மட்டும் இதைச் சொன்னால் நமது நண்பர்கள் பலருக்கு உவப்பாக இருக்கும். டெல்லியைத் திட்டுவது எப்போதும் சுலபம். ஆனால் விஷயம் அங்கே நிற்கவில்லை. 1968 ஜனவரியில் தமிழக சட்டமன்றம் மும்மொழித் திட்டத்தை நிராகரித்த தீர்மானத்தில் தேசிய மாணவர் படையின் ஹிந்தி ஆணைச் சொற்களையும் எதிர்த்தது. நியாயமான எதிர்ப்பு. ஆனால் 'சாவ்தான்' என்ற சொல்லோடு நமக்கு இருந்த சண்டை அதன் மொழியோடு முடிந்துவிட்டது. தமிழில் அதட்டினால் நமக்கு ஆட்சேபணை இல்லை.

2018 ஜனவரியில் சென்னையில் ஒரு புத்தக வெளியீட்டில் காஞ்சி விஜயேந்திரர் தமிழ்த்தாய் வாழ்த்துக்கு உட்கார்ந்திருந்தார். தேசிய கீதத்துக்கு எழுந்தார். தியானத்தில் இருந்தார் என்று மடம் சொன்னது. ஒன்றுக்கு உட்கார்ந்து ஒன்றுக்கு எழுந்ததில் ஒரு மதிப்பீடு இருக்கிறது. அதைத் தமிழில் எழுதுகிறவன் கவனிக்காமல் இருக்க முடியாது, கண்டிப்பதற்கும் அவனுக்கு உரிமை உண்டு. எழுதிக் கண்டித்தார்கள், தெருவில் இறங்கியும் கண்டித்தார்கள். இராமேஸ்வரத்தில் மடத்தின் கிளைக்குள் போய்ப் போராடியவர்கள் மீதிருந்த வழக்கை 2021 டிசம்பரில் உயர் நீதிமன்ற மதுரைக் கிளை ரத்து செய்தது. அதே தீர்ப்பு, இது பிரார்த்தனைப் பாடல், கீதம் இல்லை, எழுந்து நிற்கச் சட்டக் கட்டாயம் இல்லை என்றும் சொன்னது. அதே மாதத்தில் அரசாங்கம் ஆணை போட்டது. மாநிலப் பாடல், 55 விநாடி, மாற்றுத்திறனாளிகள் தவிர அனைவரும் நிற்க வேண்டும். தேசிய கீதத்துக்கு 52, நமக்கு 55. விலக்கு உட்பட எல்லாமே டெல்லி நகல்.

மனோன்மணீயம் 1891-ல் வெளிவந்த நாடகம். படிப்பதற்காக எழுதப்பட்ட நாடகம். அதன் பாயிரத்திலிருந்து சில அடிகளை எடுத்து, சிலவற்றை விட்டு, 1970-ல் அரசு விழாக்களுக்கு வைத்தார்கள். எம்.எஸ். விஸ்வநாதனின் மெட்டு அருமையானது. அந்தப் பாட்டைக் கேட்டு நான் எழுந்து நிற்கிறேன். தேசிய கீதத்துக்கும் நிற்கிறேன். நிற்பதில் எனக்கு எந்தக் கஷ்டமும் கொள்கைச் சங்கடமும் கிடையாது. ஆனால் நிற்பது என்னுடைய காரியமாக இருக்கும் வரையில்தான் அது மரியாதை. பக்கத்தில் உட்கார்ந்திருப்பவனை எழுப்பும் அதிகாரம் அதிலிருந்து எனக்குக் கிடைப்பதில்லை. மொழி மேல் உள்ள அன்பை முழங்கால் மூட்டில் வைத்து அளக்கிற விமர்சகன், கவிதையை எதை வைத்து அளப்பான்?

உட்கார்ந்திருப்பவர்களைப் பற்றியும் சொல்ல வேண்டும். பக்கத்தில் செல்போன் காமிரா இருக்கிறதா என்று பார்த்துவிட்டு உட்காருகிற புரட்சிக்காரர்கள் நம்மிடையே உண்டு. அவர்களும் அந்தப் பூனையின் உறவினர்கள்தான். எதிர்ப்புக்கும் உருவம் வேண்டும். அமெரிக்கக் கால்பந்து ஆட்டக்காரர் காலின் கேப்பர்னிக் கறுப்பர்கள் மீதான போலீஸ் வன்முறையை எதிர்த்து 2016 ஆகஸ்டில் கீதத்தின்போது முதலில் பெஞ்சில் உட்கார்ந்துதான் இருந்தார். அவரைச் சந்தித்து, உட்காருவதைவிட மண்டியிடுவது மேல், செத்துப்போன தோழனின் கல்லறை முன்னால் சிப்பாய்கள் அப்படித்தான் செய்வார்கள் என்று யோசனை சொன்னவர் நேட் பாயர். அமெரிக்கச் சிறப்புப் படையில் இருந்தவர், பிறகு அதே ஆட்டத்துக்கு வந்தவர். ராணுவ மரியாதை தெரிந்த ஒருவனுக்கு எதிர்ப்புக்கும் ஒரு நிலை கண்டுபிடித்துக் கொடுக்க முடிந்தது. அதைத் தெரியாத கூட்டம் இரண்டு வருஷம் சிப்பாயின் பெயரால் கூச்சல் போட்டது.

அவ்வளவு தூரம் போக வேண்டியதும் இல்லை. 1985-ல் கேரளத்தில் ஒரு பள்ளி மூன்று குழந்தைகளை வெளியேற்றியது. யெகோவாவின் சாட்சிகள் என்ற கிறிஸ்தவப் பிரிவைச் சேர்ந்தவர்கள். கீதம் பாடும்போது எழுந்து மரியாதையாக நிற்பார்கள். வாயைத் திறக்க மாட்டார்கள், கடவுளைத் தவிர வேறெதையும் பாட அவர்கள் மதத்தில் இடமில்லை. 1986 ஆகஸ்ட் 11-ந் தேதி உச்ச நீதிமன்றத்தில் நீதிபதி சின்னப்ப ரெட்டி அவர்களைத் திரும்பச் சேர்க்கச் சொன்னார். பாடியாக வேண்டும் என்று சட்டம் எதுவும் இல்லை, மௌனமாக நிற்பது அவமரியாதை ஆகாது என்பது தீர்ப்பு. பள்ளிக்கூடம் அவர்களுடைய உதடுகளைக் கவனித்துக்கொண்டிருந்திருக்கிறது. இப்போது நமது கூட்டங்களில் கவனிப்பு உதட்டிலிருந்து முழங்காலுக்கு வந்திருக்கிறது.

கவிதை வாசிப்புக் கூட்டம் அரசு விழா இல்லை. பாட்டுப் போட விரும்புகிறவர்கள் போடட்டும், நான் நிற்பேன். ஆனால் யார் யார் வாசிக்கிறார்கள் என்ற பட்டியலைப் பாட்டுக்கு முன்பே எழுதிச் சுவரில் ஒட்டிவிட வேண்டும். பாட்டு முடிந்த பிறகு அதில் ஒரு பெயரும் அடிபடக் கூடாது. செங்கல்பட்டு நண்பர்கள் அடுத்த கூட்டத்தில் இதைச் செய்வார்கள் என்றால் வருகிறேன். இல்லையென்றால் அந்த இளைஞருடைய கவிதைகள் இந்தப் பத்திரிகையின் அடுத்த இதழில் வரும். ஆசிரியர் வாங்கிப் படித்துவிட்டார், இரண்டு நன்றாக இருப்பதாகச் சொல்கிறார், மூன்றாவது அவருக்குப் பிடிக்கவில்லை.